நாடாவில் இசை நெய்த நங்கை
(இரண்டாம் ஆண்டு இளம் அறிவியல், இயற்பியல்)

ஒரு திரைப்படத்துக்கு இசை அமைத்தவர் யார் என்பதைச் சுவரொட்டியே சொல்லிவிடும். படம் தொடங்கும்போது அவர் பெயர் தனியாக ஒரு முறை திரையில் தோன்றி மறையும். தொலைக்காட்சித் தொடர்களிலும் வழக்கம் அதுவே. ஆனால் 1963ஆம் ஆண்டு இங்கிலாந்தில் பி.பி.சி. தொடங்கிய 'டாக்டர் ஹூ' என்னும் அறிவியல் கற்பனைத் தொடரின் முகப்பு இசையைத் தம் கையால் உருவாக்கிய பெண்மணியின் பெயர், அத்தொடரின் திரையில் முதன்முதலாக வந்தது 2013இல்தான். நடுவே ஐம்பது ஆண்டுகள் ஓடிவிட்டன. அதைக் காண அவரும் உயிரோடு இல்லை.

அவர்தாம் டெலியா டெர்பிஷயர் அம்மையார். கணிதம் படித்தவர், இசையும் படித்தவர். ராக் இசைக்குழுவினரும் திரைப்படக்காரர்களும் நாடகக்காரர்களும் தேடி வந்த மின்னணு இசைக் கலைஞர். நம்மைப் போன்ற அறிவியல் மாணவர்கள் அறிந்துகொள்ள வேண்டிய வாழ்க்கை அவருடையது என்பதால் இக்கட்டுரையை எழுதத் துணிந்தேன்.

டெலியா 1937ஆம் ஆண்டு மே 5ஆம் நாள் கோவென்ட்ரி நகரில் பிறந்தார். மோட்டார் தொழிற்சாலைகள் நிறைந்த ஊர் அது. தந்தை உலோகத் தகடு வேலை செய்யும் தொழிலாளி. குழந்தைக்கு மூன்று வயது நடக்கும்போது, 1940 நவம்பர் 14 இரவு, ஜெர்மானிய விமானங்கள் கோவென்ட்ரியின் மேல் குண்டுமாரி பொழிந்தன. ஒரே இரவில் ஐந்நூறுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். பல நூற்றாண்டு பழமையான தேவாலயம் சுவர்கள் மட்டும் மிஞ்ச எரிந்தது. அந்த இரவுகளில் வானம் முழுதும் கேட்ட அபாயச் சங்கொலி, ஏறி இறங்கி ஏறி இறங்கி அழும் அந்த ஓசை, அக்குழந்தையின் நெஞ்சில் அச்சமாகவும் இசையாகவும் ஒருங்கே பதிந்துவிட்டது. தாம் மின்னணு ஒலியின்பால் ஈர்க்கப்பட்டதற்குக் காரணம் அச்சங்கொலியே என்று பிற்காலத்தில் அவரே சொல்லியிருக்கிறார். சங்கொலி என்பது இயற்பியல் முறையில் பார்த்தால் அதிர்வெண் விட்டுவிடாமல் உயர்ந்து தாழும் ஒரே ஒலிதான். டாக்டர் ஹூ இசையில் சுரங்கள் ஒன்றிலிருந்து ஒன்றுக்கு வழுக்கிச் செல்வதைக் கேட்டவர்களுக்கு அந்தத் தொடர்பு விளங்கும்.

போர்க்காலத்தில் சிறுமியை வடக்கே பிரெஸ்டன் நகருக்கு அனுப்பினார்கள். பஞ்சாலை ஊர். விடியற்காலையில் ஆலைத் தொழிலாளர்கள் மரக்கட்டைச் செருப்புகளுடன் கல் பாவிய தெருவில் கூட்டமாக நடந்து போகும் ஓசையும் அவர் மறக்காத ஒன்று. குண்டும் கட்டைச் செருப்பும் தாம் அவருக்கு முதல் இசை ஆசிரியர்கள் எனலாம். பிறகுதான் பியானோ வந்தது.

பள்ளியில் கெட்டிக்காரி. பார்ஸ் ஹில் பெண்கள் பள்ளியில் படித்து, கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் கர்ட்டன் கல்லூரியில் கணிதம் படிக்க உதவித்தொகையுடன் இடம் பெற்றார். இதன் அருமையை அறிய ஒரு செய்தி சொல்ல வேண்டும். கேம்பிரிட்ஜ் பெண்களுக்கு முழுமையான பட்டம் அளிக்கத் தொடங்கியதே 1948இல்தான். அதற்கு முன் அவர்கள் வகுப்புக்குப் போகலாம், தேர்வு எழுதலாம், முதலிடம்கூடப் பெறலாம். ஆண்களுக்குரிய முழு உரிமையுள்ள பட்டம் மட்டும் கிடைக்காது. அந்தத் தடை நீங்கிச் சில ஆண்டுகளே ஆகியிருந்த சமயத்தில் ஒரு தகட்டுத் தொழிலாளியின் மகள் அங்கே நுழைந்தார். அப்போது அங்கே பத்து மாணவர்களில் ஒருவர்தான் பெண். முதலாண்டுக்குப் பின் இசைக்கு மாறி, 1959இல் கணிதமும் இசையும் சேர்ந்த பட்டத்துடன் வெளியே வந்தார்.

வெளியே வந்தபின் என்ன? பல்கலைக்கழக வேலை ஆலோசனை அலுவலகத்துக்குப் போய், ஒலி, இசை, ஒலியியல் ஆகியவற்றில் தமக்கு நாட்டம் என்று சொன்னார். காது கேளாதோருக்கான கருவி செய்யும் தொழிலுக்கோ, கடலின் ஆழம் அளக்கும் தொழிலுக்கோ போகலாம் என்று அவர்கள் யோசனை கூறினார்கள். புகழ்பெற்ற டெக்கா இசைத்தட்டு நிறுவனத்துக்கு விண்ணப்பித்தார். ஒலிப்பதிவுக் கூடத்தில் பெண்களை வேலைக்கு வைப்பதில்லை என்று பதில் கிடைத்தது. எங்கள் வீட்டில் கல்லூரிப் படி ஏறியது நான்தான் முதல். எந்தப் படிப்பு எந்த வேலைக்கு வழி என்று கேட்டறிய வீட்டில் ஆள் கிடையாது. அதனால் அவர் வாழ்வில் இந்த ஓராண்டைப் பற்றிப் படித்தபோது மற்ற எதைக் காட்டிலும் நெருக்கமாக உணர்ந்தேன். ஜெனீவாவில் குழந்தைகளுக்குப் பியானோ கற்றுக் கொடுத்தார். அங்கேயே பன்னாட்டுத் தொலைத்தொடர்பு ஒன்றியத்தில் சில மாதம் உதவியாளர் வேலை. ஊருக்குத் திரும்பித் தொடக்கப்பள்ளியில் ஆசிரியை. பின்பு இலண்டனில் ஓர் இசைநூல் பதிப்பகத்தில் உத்தியோகம். கேம்பிரிட்ஜ் பட்டதாரிக்கே இவ்வளவு அலைச்சல்!

1960 நவம்பரில் பி.பி.சி.யில் பயிற்சி உதவியாளராகச் சேர்ந்தார். அங்கே 'ரேடியோஃபோனிக் வொர்க்ஷாப்' என்றொரு பிரிவு இருப்பதைக் கேள்விப்பட்டார். டாஃப்னி ஓரம் என்ற பெண்மணியும் டெஸ்மண்ட் பிரிஸ்கோ என்பவரும் முன்னின்று 1958இல் உருவாக்கிய ஒலிப்பட்டறை அது. இலண்டன் மைடா வேலில், முன்பு சறுக்கு விளையாட்டு அரங்காக இருந்த கட்டடத்தில் சில அறைகள். பேய் நாடகத்துக்கு ஓலம், விண்கலத்துக்கு உறுமல், பள்ளி நிகழ்ச்சிக்கு முகப்பு இசை என்று கேட்டதைச் செய்து கொடுப்பது அவர்கள் தொழில். பிறர் கழித்துப்போட்ட பழைய கருவிகள்தாம் மூலதனம். மற்றவர்கள் அங்கே அனுப்பப்படுவதைத் தண்டனைபோல் எண்ணிய காலத்தில், டெலியா தாமே கேட்டு 1962இல் போய்ச் சேர்ந்தார். பதினொரு ஆண்டுகள் அங்கேயே கழித்தார்.

இனி அவர் வேலை செய்த முறையைச் சற்று விரிவாகச் சொல்லியாக வேண்டும். அது தெரியாமல் இந்த அம்மையாரின் பெருமை விளங்காது.

அன்று இசைக்கோவைக் கருவி என்னும் சிந்தசைசர் அங்கே இல்லை. பல தடங்களில் தனித்தனியே பதிவு செய்யும் வசதியும் இல்லை. இருந்தவை அலையியற்றிகள், வடிப்பான்கள், நாடாப் பதிவுக் கருவிகள், பிளேடு, ஒட்டும் பட்டை. நம் ஆய்வகத்தில் அலையியற்றியின் குமிழைத் திருப்பினால் ஒலிபெருக்கியில் ஒரு சீழ்க்கை எழுமே, அதுதான் சுரம். அதை நாடாவில் பதிய வேண்டும். பிறகு எவ்வளவு நேரம் அந்தச் சுரம் ஒலிக்க வேண்டுமோ அவ்வளவு நீளத்துக்கு நாடாவை வெட்ட வேண்டும். நாடா வினாடிக்கு 15 அங்குலம் ஓடுகிறது என்றால் அரை வினாடிச் சுரத்துக்கு ஏழரை அங்குலம். கால் வினாடிக்கு அதில் பாதி. இப்படி வெட்டிய துண்டுகளை ஒன்றன்பின் ஒன்றாக ஒட்டினால் ஒரு வரி இசை கிடைக்கும். நேரத்தைக் கைவிரலால் தொட்டு அளக்கும் கலை இது. தறியில் இழை சேர்க்கிறவர்களைக் கண்டவர்களுக்கு இதற்கு எவ்வளவு பொறுமை வேண்டும் என்பது புரியும்.

சுருதி சேர்க்க மற்றொரு வழியும் உண்டு. பதிந்த ஒலியை இருமடங்கு வேகத்தில் ஓட்டினால் அதிர்வெண் இருமடங்காகி, மேல் ஸ்தாயிக்குப் போய்விடும். ஆனால் ஒலிக்கும் நேரம் பாதியாகிவிடும். ஒரு ஸ்தாயிக்குள் பன்னிரண்டு படிகள். ஒவ்வொரு படிக்கும் அதிர்வெண் ஒரே விகிதத்தில் ஏற வேண்டும். அந்த விகிதம் எவ்வளவு? இரண்டின் மடக்கை 0.3010, அதைப் பன்னிரண்டால் வகுத்தால் 0.0251, எதிர்மடக்கை பார்த்தால் 1.0595. ஆக 440 அதிர்வுள்ள சுரத்துக்கு அடுத்த படி 466. இந்தக் கணக்குகளுக்காக டெலியா மடக்கை அட்டவணை நூலை எப்போதும் பக்கத்தில் வைத்திருந்தார் என்கிறார்கள். தேர்வு அறையில் நாம் வியர்வை வழியப் புரட்டும் அதே அட்டவணை! அதற்குள் ஓர் இசைக்கருவி ஒளிந்திருந்தது என்று நமக்கு யாரும் சொல்லவில்லை.

1963இல் டாக்டர் ஹூ தொடருக்கான பாட்டுக்குறிப்பு பட்டறைக்கு வந்தது. எழுதியவர் ரான் கிரெய்னர் என்ற ஆஸ்திரேலிய இசையமைப்பாளர். குறிப்பு மிகச் சிறியது. கீழ்ச்சுர வரி ஒன்று, பண் வரி ஒன்று, இடையிடையே காற்று, முகில் என்பன போன்ற சொற்கள். அவ்வளவே. அவற்றை ஒலியாக்கும் பொறுப்பு டெலியாவினுடையது. டிக் மில்ஸ் என்ற பொறியாளர் உதவிக்கு நின்றார்.

அடியில் தடதடவென ஓடும் அந்தக் கீழ்ச்சுரத்துக்கு ஒற்றைக் கம்பியொன்றை மீட்டிப் பதிந்தார்கள். நமது சுரமானிக் கம்பியை நினைத்துக்கொள்ளுங்கள். அந்த ஒரே மீட்டலை வெவ்வேறு வேகத்தில் மறுபதிவு செய்து வேண்டிய சுரங்களைப் பெற்று, ஒவ்வொன்றாக வெட்டி ஒட்டினார்கள். மேலே மிதக்கும் பண்ணுக்கு அலையியற்றி. சுரம்விட்டுச் சுரம் வழுக்கும் இடங்களில் குமிழைக் கையாலேயே திருப்பிப் பதிந்தார் டெலியா. முகில்களும் காற்றும் வெண்ணிரைச்சலிலிருந்து வந்தவை. எல்லா அதிர்வெண்களும் சம அளவில் கலந்த இரைச்சலுக்கு அப்பெயர். வெள்ளொளியில் எல்லா நிறமும் இருப்பதுபோல. அதை வடிகட்டினால் சீறலும் பெருமூச்சும் பிறக்கும்.

இவ்வாறு ஆயத்தமான மூன்று நாடாக்களை மூன்று கருவிகளில் மாட்டி, ஒரே கணத்தில் முடுக்கி, நான்காவதில் பதிய வேண்டும். ஒன்று இம்மியளவு பிந்தினாலும் மறுபடி முதலிலிருந்து. ஒரு கட்டத்தில் எங்கோ ஒரு துண்டு தவறாக ஒட்டப்பட்டிருந்தது. எங்கே என்று தெரியவில்லை. மைடா வேலின் நீண்ட தாழ்வாரத்தில் நாடாக்களை அக்கம்பக்கமாக விரித்துப் போட்டு, ஒட்டுக்கு ஒட்டு ஒப்பிட்டுப் பார்த்துப் பிழையைக் கண்டுபிடித்தார்களாம். இசைப்பிழையை அங்குலக் கணக்கில் தேடிப் பிடித்த வேடிக்கை வேறெங்கும் நடந்திருக்குமா என்பது ஐயமே.

வேலை முடிந்து கேட்டபோது கிரெய்னர் வியப்பில் ஆழ்ந்துவிட்டார். இதை எழுதியது நான்தானா என்ற பொருளில் அவர் கேட்டதாகவும், பெரும்பகுதி நீங்கள்தாம் என்று டெலியா விடை கூறியதாகவும் சொல்வார்கள். கிரெய்னர் நல்ல மனிதர். உடன் ஆக்கியோர் என்று டெலியாவின் பெயரைச் சேர்க்க வேண்டும், உரிமைத்தொகையில் பாதியை அவருக்குக் கொடுக்க வேண்டும் என்றார். பி.பி.சி. ஒப்பவில்லை. பட்டறை ஊழியர்கள் மாதச் சம்பளக்காரர்கள். அவர்கள் செய்வது பணி, படைப்பன்று. திரையில் பட்டறையின் பெயர் மட்டும் வரும் என்பது அவர்கள் விதி. முதல் பகுதி 1963 நவம்பர் 23 அன்று ஒளிபரப்பாயிற்று. அமெரிக்கத் தலைவர் கென்னடி சுடப்பட்டதற்கு மறுநாள் அது. ஆகையால் அடுத்த வாரம் மீண்டும் ஒருமுறை ஒளிபரப்பினார்கள்.

பி.பி.சி.யைக் கண்மூடித்தனமாகக் குறை கூறவும் மனம் வரவில்லை. வேறெந்த நிறுவனம் அன்று ஒரு பெண்ணின் கையில் இத்தனை கருவிகளைக் கொடுத்திருக்கும்? டெக்காவின் கதவு மூடியபோது இந்தக் கதவு திறந்தது உண்மை. ஆனால் சம்பளம் கொடுத்துவிட்டால் பெயரைக் கொடுக்க வேண்டியதில்லை என்பது எந்த ஊர் நியாயம்? சம்பளத்துக்கும் பெயருக்கும் என்ன தொடர்பு? ஒரு கட்டடத்தின் அடிக்கல்லில் அமைச்சர் பெயர் இருக்கும், கொத்தனார் பெயர் இராது என்று நண்பர் ஒருவர் என்னிடம் வாதாடினார். அது உண்மைதான். உண்மையாக இருப்பதனாலேயே அது சரியாகிவிடாது என்று நான் பதில் சொன்னேன்.

டாக்டர் ஹூவோடு அவர் கலை முடிந்துவிடவில்லை. என்னைக் கேட்டால் அதைவிடச் சிறந்தவை பின்னால் வந்தன என்பேன். 1964, 1965 ஆண்டுகளில் பாரி பெர்மாஞ் என்பவருடன் சேர்ந்து வானொலிக்கு நான்கு படைப்புகள் செய்தார். பொதுமக்கள் தாங்கள் கண்ட கனவுகளையும், கடவுளைப் பற்றிய எண்ணங்களையும், மறுமையையும், முதுமையையும் பற்றிப் பேசிய பேச்சைப் பதிந்து, வெட்டி, அடுக்கி, அவற்றின் அடியில் மின்னணு ஒலியை ஓடவிட்டார்கள். நாடகமும் அன்று, பாட்டும் அன்று, பேட்டியும் அன்று. மூன்றும் கலந்த புதுமை.

1967இல் சகாரா பாலைவனத்தில் வாழும் துவாரெக் மக்களைப் பற்றிய தொலைக்காட்சி விவரணப் படம் ஒன்றுக்கு இசை வேண்டியிருந்தது. நீல முக்காடு அணிந்த மக்கள், பொன்மணல், வெப்பத்தில் நடுங்கும் கானல், தொலைவில் அசைந்து வரும் ஒட்டகங்கள். இதற்கு அம்மையார் எடுத்துக்கொண்ட கருவி எது தெரியுமா? பட்டறையில் கிடந்த பச்சை வண்ண உலோக விளக்குக் குடை! அதைத் தட்டினால் அழகாக ஒலிக்கும். அந்த ஒலியைப் பதிந்தார். தட்டும் கணத்தின் 'டங்' என்ற பகுதியை வெட்டி எறிந்தார். மீதமிருந்த கார்வையை ஒன்றுமில்லாமையிலிருந்து மெல்ல மெல்ல எழச் செய்தார். பிறகு அக்கார்வைக்குள் என்னென்ன அதிர்வெண்கள் அடங்கியுள்ளன என்று பிரித்தறிந்து, பட்டறையின் பன்னிரண்டு அலையியற்றிகளைக் கொண்டு அவற்றை மீண்டும் கட்டினார். ஃபூரியர் தேற்றத்தை நாம் கரும்பலகையில் படிக்கிறோம். அவர் விளக்குக் குடையில் படித்தார். இவற்றோடு தம் குரலையும் நறுக்கிச் சேர்த்தார். அந்த இசையில் மணி அடிக்கப்படுவதே இல்லை, அதன் நாதம் மட்டும் வந்து போகிறது. பாலைவனத்தில் ஒன்றைக் காண்பதற்கு முன் அதன் கானல் தோன்றுமே, அதுபோல. ஒரே ஒரு படைப்பைக் கேட்க நேரமுள்ளவர்கள் இதைக் கேளுங்கள்.

அதே ஆண்டு ஐசக் அசிமாவின் கதை ஒன்றைத் தழுவிய தொலைக்காட்சி நாடகத்துக்காக இயந்திர மனிதர்கள் பாடும் துதிப்பாடலையும் ஆக்கினார். இதற்கிடையே சில படைப்புகள் திருப்பி அனுப்பப்பட்டதும் உண்டு. ஒன்றை, நேயர்களுக்கு மீறிய நயமுடையது என்று சொல்லித் தள்ளினார்களாம்!

அலுவலக நேரம் முடிந்தபின் வெளியே ஓர் உலகம் காத்திருந்தது. அது அறுபதுகளின் இலண்டன். ராக் இசைஞர்கள் கித்தார், முரசுகளோடு நிறைவு கொள்ளாமல் புதிய ஒலிகளைத் தேடி அலைந்த காலம். 1966இல் டெலியா, சக ஊழியர் பிரையன் ஹாட்ஜ்சன், பொறியியல் மேதை பீட்டர் சினோவியெஃப் மூவரும் சேர்ந்து 'யூனிட் டெல்டா பிளஸ்' என்ற அமைப்பை நிறுவினர். பீட்டில்ஸ் குழுவின் பால் மெக்கார்ட்னி இவர்களைத் தேடி வந்தவர்களில் ஒருவர். 1967இல் ரவுண்ட்ஹவுஸ் அரங்கில் நடந்த ஒளி ஒலி விழாவில், பீட்டில்ஸ் இதற்கெனவே ஆக்கித் தந்த சோதனைப் பதிவும் இவர்கள் படைப்புகளும் ஒரே மேடையில் ஒலித்தன. பிங்க் ஃபிளாய்ட் குழுவின் 1971ஆம் ஆண்டுப் பாடல் ஒன்றின் நடுவே டாக்டர் ஹூ இசையின் சாயல் தலைகாட்டுவதைக் காது கூர்மையுள்ளவர்கள் கண்டுகொள்வர்.

டெலியாவே ஒரு ராக் இசைத்தட்டில் முழுப் பங்கு கொண்டார். டேவிட் வோர்ஹாஸ் என்ற அமெரிக்க இளைஞர் இயற்பியல் பட்டதாரி. மரபிசையில் பெருந்தந்தி வாத்தியம் வாசிப்பவர். ஒலிப்பட்டறை பற்றிய சொற்பொழிவு ஒன்றைக் கேட்டு மயங்கி, டெலியாவுடனும் ஹாட்ஜ்சனுடனும் சேர்ந்துகொண்டார். 'ஒயிட் நாய்ஸ்', அதாவது வெண்ணிரைச்சல், என்று குழுவுக்குப் பெயர் வைத்தார்கள். 1969இல் ஐலண்ட் நிறுவனம் அவர்களுடைய 'ஆன் எலெக்ட்ரிக் ஸ்டார்ம்' என்ற இசைத்தட்டை வெளியிட்டது. ஏறக்குறைய ஓராண்டுக் காலம் வெட்டி ஒட்டியதில் பெரும்பகுதி உருவாயிற்று. நிறுவனம் கெடு வைத்து நெருக்கியதும் கடைசிப் பாடலை ஒரே நாளில் முடித்துக் கொடுத்தார்கள்! விற்பனை முதலில் மந்தம். பின்னாளில் அதைத் தேடிப் பிடித்து வாங்குவோர் பெருகினர்.

திரைப்படங்களும் வந்தன. பீட்டர் ஹால் இயக்கிய 1968ஆம் ஆண்டுப் படம் ஒன்றுக்கு மின்னணு இசை தந்தார். 1973இல் வெளிவந்த 'தி லெஜண்ட் ஆஃப் ஹெல் ஹவுஸ்' என்ற பேய்ப்படத்துக்கு ஹாட்ஜ்சனோடு சேர்ந்து இசை அமைத்தார். அதில் இருவர் பெயரும் திரையில் வந்தன. வணிகத் தொலைக்காட்சியின் சிறுவர் தொடர்கள் சிலவற்றிலும் அவர் இசை ஒலித்தது. ஆனால் அங்கே பி.பி.சி. ஊழியர் தம் பெயரில் வர முடியாதாகையால் 'லீ டி லா ரஸ்' என்னும் புனைபெயர் தாங்கியிருந்தார். ஓரிடத்தில் பெயரே கிடையாது, மற்றோரிடத்தில் பொய்ப்பெயர். பேய்ப்படம் ஒன்றுதான் உண்மைப் பெயரை மதித்தது!

எழுபதுகள் பிறந்தபோது காற்று திசை மாறிவிட்டது. சிந்தசைசர் கருவிகள் பட்டறைக்குள் வந்தன. விசையை அழுத்தினால் ஒலி வரும். அங்குலக் கணக்கு வேண்டாம். டாக்டர் ஹூ இசையையே 1972இல் புதிய கருவியில் மறுபடி செய்து பார்த்தார்கள். எடுபடவில்லை, கைவிட்டார்கள். கையால் வெட்டி ஒட்டியதில் இருந்த உயிர் அதில் இல்லை என்பது டெலியாவின் கருத்தாகவும் இருந்தது. மேலிடத்திலிருந்து அவசரம், கெடு, கணக்கு. இரவெல்லாம் கண்விழித்து ஒரு சுரத்தைச் செதுக்குகிற மனிதருக்கு அந்தப் பட்டறையில் இடம் சுருங்கிக்கொண்டே வந்தது. 1973இல் பி.பி.சி.யை விட்டு விலகினார். ஹாட்ஜ்சனின் தனி ஒலிக்கூடத்தில் சிறிது காலம் இருந்துவிட்டு அதையும் விட்டார்.

அதற்குப் பிறகு நடந்ததைப் படிக்க மனம் கனக்கிறது. வட இங்கிலாந்தில் எரிவாயுக் குழாய் பதிக்கும் பணியில் கம்பியில்லாச் செய்தித் தொடர்பாளராக வேலை பார்த்தார். பின்பு கம்பர்லாந்துப் பகுதியில் சீன ஓவியர் லி யுவான்-சியா நடத்திய கலைக்கூடத்தில் உதவியாளர். அப்புறம் புத்தகக் கடை. ஒரு திருமணம் நிலைக்கவில்லை. குடிப்பழக்கம் உடலை வருத்தியது. உலகம் முழுதும் அந்த முகப்பு இசை வாரந்தோறும் ஒலித்துக்கொண்டிருக்க, அதை ஆக்கியவர் ஏறத்தாழ இருபத்தைந்து ஆண்டுகள் இசையை வெளியிடாமலே வாழ்ந்தார். நார்தாம்ப்டனில் குடியமர்ந்தபின் வாழ்க்கையில் ஓரளவு அமைதி கிட்டியது என்பது ஆறுதல்.

தொண்ணூறுகளில் புதிய தலைமுறையினர் அவரைத் தேடத் தொடங்கினார்கள். கணிப்பொறியில் இசை செய்யும் இளைஞர்கள், தாங்கள் செய்வதை ஒருவர் முப்பது ஆண்டுக்கு முன்பே பிளேடால் செய்துவிட்டார் என்று அறிந்து வியந்தனர். 'ஸ்பேஸ்மென் 3' என்ற ராக் குழுவைச் சேர்ந்த பீட்டர் கெம்பர் அவரோடு நட்புக் கொண்டு, மீண்டும் இசையின் பக்கம் இழுத்து வந்தார். புதிய கருவிகள் தம் எண்ணத்துக்கு இப்போது ஈடுகொடுக்கின்றன என்று அம்மையார் மகிழ்ந்த சமயம் அது. ஆனால் காலம் இடம் தரவில்லை. 2001 ஜூலை 3 அன்று, சிறுநீரகம் செயலிழந்து, 64ஆம் வயதில் மறைந்தார்.

மறைந்தபின் வந்தன மரியாதைகள். 2013இல் டாக்டர் ஹூ பொன்விழாச் சிறப்புப் படத்தின் பெயர்ப்பட்டியலில் கிரெய்னரின் பெயரோடு டெலியாவின் பெயரும் இடம்பெற்றது. 2017இல் கோவென்ட்ரி பல்கலைக்கழகம் கௌரவ முனைவர் பட்டம் வழங்கியது. அவர் வாழ்ந்த வீட்டில் நினைவுப் பலகை பதித்தார்கள்.

அவர் வீட்டுப் பரணில் 267 நாடாச் சுருள்கள் கிடைத்தன. பலவற்றில் ஒட்டியிருந்த பெயர்ச்சீட்டு உதிர்ந்துபோய், எது என்ன என்றே தெரியாத நிலை. அவை 2007இல் மான்செஸ்டர் பல்கலைக்கழகத்துக்கு வந்து சேர்ந்தன. ஒவ்வொன்றாக ஓடவிட்டுக் கேட்டுக் கணிப்பொறியில் ஏற்றினார்கள். அறுபதுகளின் பிற்பகுதியில் பதிந்த ஒரு சுருளில், துடிக்கும் தாளத்தோடு சிறியதோர் ஆட்ட இசை இருந்தது. 2008இல் அது வெளியே தெரிந்தபோது, 'ஆர்பிட்டல்' குழுவைச் சேர்ந்த பால் ஹார்ட்னால் அதைக் கேட்டுவிட்டு, அடுத்த வாரமே கடைக்கு வரக்கூடிய புத்தம்புதிய இசைபோல் இருக்கிறது என்ற கருத்தைத் தெரிவித்தார். அந்தச் சுருள் ஏறத்தாழ நாற்பது ஆண்டு தூங்கியிருந்தது.